அண்ணாவை ஆசிரியர் என்று சொல்வது பொருந்துமா? – நேயர் கேள்விக்கு விளக்கம்

வணக்கம். தண்டையார்பேட்டையிலிருந்து பள்ளி ஆசிரியை ஒருவர் கேட்டிருக்கிறார்: "செப்டம்பர் 15 அன்று எங்கள் பள்ளியில் அறிஞர் அண்ணாவைப் பற்றிப் பேச இருக்கிறேன். கொஞ்ச காலமே பாடம் நடத்தியவரை ஆசிரியர் என்று அறிமுகப்படுத்துவது சரியா?"

பச்சையப்பன் கல்லூரியில் படித்து முடித்த அண்ணா, பள்ளியில் ஆங்கில ஆசிரியராகப் பணியாற்றியது உண்மை. அந்தப் பணி நீடிக்கவில்லை என்பதும் உண்மை. அதற்கு முன்பே, குடும்பச் சூழ்நிலையால் படிப்பை இடையில் நிறுத்திவிட்டுக் காஞ்சிபுரம் நகராட்சியில் எழுத்தராகவும் இருந்திருக்கிறார். பிறகு பத்திரிகை, நீதிக்கட்சி, பெரியாருடன் பணி, பெத்துநாயக்கன்பேட்டையில் மாநகராட்சித் தேர்தலில் தோல்வி என்று அவருடைய வாழ்க்கை வேறு பாதையில் சென்றுவிட்டது. பணிப்பதிவேட்டை மட்டும் பார்த்தால் உங்கள் ஐயம் நியாயமானதே.

ஆனால் வகுப்பறையை விட்டு வந்தவர் கற்பிப்பதை விடவில்லை என்பதற்கு நம் வட சென்னையே சாட்சி. 1949 செப்டம்பர் 18 அன்று, இராயபுரம் ராபின்சன் பூங்காவில் தி.மு.க.வின் முதல் பொதுக்கூட்டத்தில் மக்கள் கொட்டும் மழையில் நின்று அவர் பேச்சைக் கேட்டார்கள். துறைமுகத்தில் மூட்டை சுமந்த என் தாத்தா எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்றது பள்ளியில் அல்ல, தெருமுனைப் படிப்பகத்தில்தான். ஒருவர் உரக்க வாசிப்பார், மற்றவர்கள் பெஞ்சில் நெருக்கி உட்கார்ந்து கேட்பார்கள், புரியாத சொல் வந்தால் வாசிப்பவர் நிறுத்தி விளக்கிவிட்டுத்தான் அடுத்த வரிக்குப் போவார். "தம்பி" என்று அழைத்து அண்ணா எழுதிய கடிதங்களில் நாட்டு நடப்பும் உலக வரலாறும் அத்தகைய மனிதர்களுக்குப் புரியும் தமிழில் இருந்தன. தாத்தா அவரைத் தலைவர் என்று சொல்லி நான் கேட்டதில்லை; "அண்ணா சொல்லிக் கொடுத்தார்" என்றே சொல்வார்.

மாநிலங்களவையில் 1963ஆம் ஆண்டு நடந்ததையும் பாருங்கள். சென்னை மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயரிடுவதால் உங்களுக்கு என்ன கிடைக்கும் என்று கேட்டார்கள். நாடாளுமன்ற அவைகளை லோக் சபா, ராஜ்ய சபா என்றும், குடியரசுத் தலைவரை ராஷ்டிரபதி என்றும் அழைப்பதால் உங்களுக்கு என்ன கிடைத்தது என்று அண்ணா திருப்பிக் கேட்டார். கேள்வி கேட்ட மாணவனுக்கு அவன் வீட்டிலிருந்தே ஓர் எடுத்துக்காட்டைக் காட்டி, விடையை அவனையே கண்டுபிடிக்க வைப்பது நல்லாசிரியரின் முறை என்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

நான்கு ஆண்டுகள் கழித்து, 1967 ஜூலை 18 அன்று, பெயர் மாற்றத் தீர்மானம் சட்டமன்றத்தில் ஒருமனதாக நிறைவேறியபோது, முதலமைச்சராக இருந்த அண்ணா "தமிழ்நாடு" என்று மூன்று முறை சொல்ல, உறுப்பினர்கள் மூன்று முறையும் "வாழ்க" என்றார்கள். ஆசிரியர் சொல்ல வகுப்பு திருப்பிச் சொல்லும் அதே முறைதான் அது. அந்தப் பெயர் 1969 ஜனவரி 14, பொங்கல் நாளில் நடைமுறைக்கு வந்தது. பிப்ரவரி 3 அன்று அவர் மறைந்தார்.

ஆகவே, அம்மா, அவரை ஆசிரியர் என்றே தயங்காமல் அறிமுகப்படுத்துங்கள். பணிக்காலம் குறுகியது என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள். பேச்சை முடிக்கும்போது நீங்கள் "தமிழ்நாடு" என்று சொல்லி, பிள்ளைகளை மூன்று முறை "வாழ்க" சொல்ல வையுங்கள்.