வூக்: ஓநாயின் பெயர் சுமக்கிற பிள்ளைகள்

வணக்கம் மக்களே! இன்றைக்கு ஒரே ஒரு பெயரைப் பற்றித்தான் பேசப் போகிறேன். வூக். செர்பியாவில் ஆண் குழந்தைகளுக்கு வைக்கிற பெயர். பால்கன் நாடுகளைத் தாண்டினால் இதைக் கேட்பதே அபூர்வம். ‘வூ’வைக் கொஞ்சம் இழுத்து, ‘க்’ என்று டக்கென நிறுத்த வேண்டும். அர்த்தம் ஓநாய். காட்டில் திரிகிற ஓநாய்க்கும் அதே சொல்தான். அப்படியே தூக்கிப் பிள்ளைக்கு வைத்திருக்கிறார்கள்.

பெயர்ப் பட்டியல் போடுகிறவர்கள் இதற்குக் குணம் எழுதும்போது வீரன், பிடிவாதக்காரன், தனிமை விரும்பி என்று மூன்று வார்த்தையில் முடித்துவிடுவார்கள். எனக்கு அதில் உடன்பாடே இல்லை. பெற்ற பிள்ளைகளை வரிசையாகப் பறிகொடுத்த ஒரு தாய் அடுத்ததையாவது காப்பாற்றிவிட வேண்டும் என்று தவித்தாளே, அந்தப் பயத்திலிருந்து வந்த பெயர் இது.

இதை உறுதியாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. இந்தப் பெயரைச் சுமந்த ஒருவரே எழுதி வைத்திருக்கிறார். வூக் ஸ்டெஃபானோவிச் கராஜிச். 1787-இல், லோஸ்னிட்சா ஊருக்குப் பக்கத்தில் திர்ஷிச் என்ற கிராமத்தில் பிறந்தவர். அப்போது அங்கே துருக்கியர் ஆட்சி. அவருக்கு முன்னால் பிறந்த குழந்தைகள் எதுவும் தங்கவில்லை. பிற்காலத்தில் அவர் தொகுத்த செர்பிய அகராதி 1818-இல் வியன்னாவில் அச்சானது. இருபத்தாறாயிரத்துக்கும் மேல் சொற்கள். அதில் ‘வூக்’ என்ற சொல்லுக்குப் பொருள் எழுதும்போது, பிள்ளை தங்காத பெண்கள் தங்கள் குழந்தைகளைச் சூனியக்காரிகள் தின்றுவிடுகிறார்கள் என்று நினைத்து இந்தப் பெயரை வைப்பார்கள், ஓநாயைத் தொடச் சூனியக்காரிக்குத் துணிச்சல் வராது என்கிறார். எனக்கும் அதனால்தான் இந்தப் பெயர் என்று அடைப்புக்குறிக்குள் ஒரு வரியும் சேர்த்திருக்கிறார். அகராதிக்குள் தன் கதையை அவர் அவ்வளவு சுருக்கமாகச் சொன்ன இடத்தைப் படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

அந்தச் சூனியக்காரிக்கு அங்கே வியெஷ்டிட்சா என்று பெயர். அவளைப் பற்றியும் அதே அகராதியில் விரிவாக இருக்கிறது. பார்வைக்கு நம் பக்கத்து வீட்டுப் பெண் மாதிரிதான் இருப்பாளாம். தூங்கும்போது அவளுக்குள் இருக்கிற பேய் வெளியே வந்து, வண்ணத்துப்பூச்சியாகவோ கோழியாகவோ மாறி வீடு வீடாகப் பறக்கும். தூங்குகிறவரின் இடது மார்பில் ஒரு கோலால் தட்டும். மார்பு திறந்துகொள்ளும். இதயத்தை எடுத்துத் தின்றதும் மார்பு பழையபடி மூடிக்கொள்ளும். குழந்தைகள் என்றால் அவளுக்குக் கூடுதல் ஆசை. ராத்திரி நன்றாகத் தூங்கிய குழந்தை காலையில் இறந்து கிடந்தால், மருத்துவரே இல்லாத மலைக் கிராமத்தில் வேறு என்ன காரணம் சொல்லிக்கொள்ள முடியும்?

சரி, ஏன் ஓநாய்? அந்த ஊர்க்காரர்களுக்கும் ஓநாய் என்றால் நடுக்கம்தான். மந்தையை அழிக்கிற மிருகம். அதன் பெயரை வாய்விட்டுச் சொன்னால் வந்துவிடும் என்று ‘நெபொமெனிக்’ என்பார்கள், அதாவது பெயர் சொல்லக் கூடாதது. நவம்பரில் ஓநாய்களுக்கென்றே சில நாட்கள் உண்டு. அந்த நாட்களில் பெண்கள் கம்பளி வேலை எதையும் தொட மாட்டார்கள். கத்தரிக்கோலைத் திறக்காமல் கட்டி வைப்பார்கள். அது மூடியிருந்தால் ஓநாயின் வாயும் மூடியிருக்கும் என்று நம்பிக்கை.

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். வெளியே சொல்லவே பயப்படுகிற ஒரு சொல்லைத் தொட்டிலில் கிடக்கிற குழந்தைக்கு வைக்கிறார்கள்! சில இடங்களில் குழந்தை பிறந்ததும், ‘பெண் ஓநாய் ஓநாயைப் பெற்றிருக்கிறது’ என்று ஊருக்கே கேட்கிற மாதிரி கத்தவும் செய்வார்கள். சூனியக்காரி காதிலும் விழட்டும் என்றுதான்.

இதே கவலையில் பிறந்த வேறு பெயர்களும் அங்கே உண்டு. ஷிவ்கோ என்றால் உயிரோடு இரு என்கிற வேண்டுதல். ஸ்டான்கோ என்றால் நிலைத்து நில். அதெல்லாம் கெஞ்சுகிற பெயர்கள். வூக் மட்டும்தான் மிரட்டுகிற பெயர். என்னைக் கேட்டால் அதன் குணமே இதுதான்.

இந்தப் பெயருக்கு இன்னொரு சோதனையும் வந்தது. 1389-இல் செர்பியர்கள் துருக்கியரோடு மோதிய கொசோவோ போரில் வூக் பிரான்கோவிச் என்ற பிரபு துரோகம் செய்தார் என்று நாட்டுப்பாடல்கள் அவரைச் சபிக்கின்றன. வரலாற்றாசிரியர்கள் இதற்கு ஆதாரம் இல்லை என்கிறார்கள். போருக்குப் பிறகும் துருக்கியரை எதிர்த்து நின்றவர் அவர். ஆனால் மக்கள் மனதில் பாடல்தானே நிற்கும்? அந்தப் பாடல்களைத் தொகுத்து அச்சிட்டவரும் நம் கராஜிச்தான். ஒரு வூக்கைச் சபிக்கிற பாட்டை இன்னொரு வூக் பாதுகாத்துக் கொடுத்திருக்கிறார். துரோகியின் பெயர் என்று சொல்லித் தாய்மார்கள் யாரும் இதை ஒதுக்கவும் இல்லை.

கராஜிச்சின் வாழ்க்கை சுலபமானது கிடையாது. இளம் வயதிலேயே ஒரு கால் முடங்கி, மரக்கட்டையின் துணையோடுதான் நடந்தார். ஓர் ஒலிக்கு ஓர் எழுத்து என்று முப்பது எழுத்துகளில் செர்பிய மொழிக்கு எழுத்துமுறை அமைத்தார். அதற்காகத் திருச்சபையோடும் படித்தவர்களோடும் பல வருடம் மோத வேண்டியிருந்தது. பெயர் அவரைக் காப்பாற்றியது என்று அவர் அம்மா நம்பியிருப்பார். 1864 வரை வாழ்ந்தார். ஆனால் வியன்னாவில் அவருக்கும் மனைவி அன்னாவுக்கும் பிறந்த குழந்தைகளில் பெரும்பாலோர் அவர் கண் முன்னாலேயே போய்விட்டார்கள். ஓவியரான மகள் மீனாவும் மகன் திமித்ரியேவும்தான் அவருக்குப் பிறகும் இருந்தார்கள். இதைப் படித்த பிறகு என்னால் அந்த அகராதி வரியை முன்பு போல வாசிக்க முடியவில்லை.

இன்றைக்குச் செர்பியாவில் சூனியக்காரிக்குப் பயந்து யாரும் இந்தப் பெயரை வைப்பதில்லை. கராஜிச் மேல் இருக்கிற மரியாதை, ஒரே அசையில் முடிகிற கம்பீரம், தாத்தாவின் பெயர் என்று பல காரணம். வூக்கஷின், வூக்கன், வூக்கோட்டா என்று நீட்டியும் வைப்பார்கள். வூக்கோவிச் மாதிரிக் குடும்பப் பெயர்களும் இதே வேரில் வந்தவை. 1984-இல் சரயேவோவில் நடந்த குளிர்கால ஒலிம்பிக்ஸின் சின்னம் ஞாபகம் இருக்கிறதா? கழுத்தில் துண்டு சுற்றிய ஒரு குட்டி ஓநாய். அதன் பெயர் வூச்கோ.

அப்புறம் ஒரு விஷயம். வேலை இடத்திலோ படிக்கிற இடத்திலோ ஒரு வூக் உங்களுக்குப் பழக்கமானால், கூப்பிடும்போது அவர்கள் மொழியில் பெயர் மாறும். ‘வூச்செ!’ என்று கூப்பிட்டுப் பாருங்கள். செல்லமாக என்றால் ‘வூலே’.