மணிக்கட்டை எப்ப விடுறது?

அவையோருக்கு வணக்கம். அம்மாமாரைக் குற்றஞ்சாட்ட நான் இந்தச் சனசமூக நிலைய மேடைக்கு ஏறவில்லை. அப்படி ஒரு எண்ணம் இருந்திருந்தாலும் முன்வரிசை அம்மாமாரின் பார்வையிலேயே ஓடிப்போயிருக்கும்.

1995 ஒக்டோபர் 30 இரவு, சண்டைக்குப் பயந்து யாழ்ப்பாணத்து வலிகாமமே ஊரைவிட்டு நாவற்குழிப் பாலத்தை நோக்கி நடந்தது. என் அம்மா பிடித்த பிடியில், விடியும்போது எனக்கு மணிக்கட்டு கன்றிப்போயிருந்தது. விட்டிருந்தால் தொலைந்திருப்பேன். அந்தப் பிடியை நான் பழிக்கமாட்டேன். ஆனால் பாலம் கடந்து எத்தனை வருடம்! எங்கள் வீடுகளில், வளர்ந்த பிள்ளைகள்மேல் அம்மாமாரின் பிடி இன்னும் தளரவில்லை.

அண்மையில் ஒரு வீட்டில் சாப்பிட்டேன். பெடியனுக்கு 27 வயது, பட்டதாரி. தாய் விளைமீனில் முள்ளெடுத்து அவன் கோப்பையில் வைக்கிறா. "தம்பிக்குக் கொழும்பிலை வேலை கிடைச்சிருக்காமே?" என்றேன். அவன் வாய் திறக்கமுதல் தாய், "அங்கத்தைச் சாப்பாடு இவருக்குச் சரிவராது, மாஸ்டர்" என்றா. அவன் தன் பதிலைத் தாயின் முகத்தில் தேடிக்கொண்டிருந்தான்.

அவுஸ்திரேலிய மனநல மருத்துவர் கோர்டன் பார்க்கரும் அவரோடு சேர்ந்தவர்களும் 1979இல் ஒரு வினாக்கொத்தை வெளியிட்டார்கள். 16 வயதுவரை தாய் எப்படி, தகப்பன் எப்படி என்று வளர்ந்தவர்களிடம் கேட்பது. 25 வாக்கியங்கள்: 12 பரிவை அளக்கும், 13 மிகைப் பாதுகாப்பை அளக்கும். இரண்டுக்கும் வெவ்வேறு அளவுகோல். "பாசத்திலைதானே செய்யிறன்" என்பது முதலாவதற்கு மட்டுந்தான் மறுமொழி.

பரிவு குறைந்து பிடி கூடிய வளர்ப்பை மனச்சோர்வோடும் பதகளிப்போடும் பல ஆய்வுகள் தொடர்புபடுத்தின. எங்கள் வீடுகளில் பரிவுக்குக் குறைவில்லையே என்பீர்கள். சிக்கலே அதுதான். இவ்வளவு பாசமான அம்மாவை எதிர்த்துக் கதைக்கப் பிள்ளைக்கு வாய் வராது. கோபம் வந்தாலே பாவம் செய்தது போலிருக்கும். அஞ்சியதைச் செய்துபார்த்தால்தான் பயம் குறையும். வங்கிப் படிவத்தையும் தாயே நிரப்பினால் அவன் எதைச் செய்துபார்ப்பது? இன்னொருவன் ரொறன்ரோ போயும் வைபரில், "அம்மா, இந்தச் சேர்ட்டை வாங்கட்டோ?" மருமகள் அதற்கு என்ன சொல்லுவா என்பது வேறு கதை.

தகப்பன்மார் சிரிக்கவேண்டாம். சண்டையில் ஆண்கள் காணாமற்போக, முழுப் பாரமும் தாயில் விழுந்த வீடுகள் எத்தனை!

கிளம்பும்போது அந்தத் தாயிடம், "அடுத்தமுறை மீனை முள்ளோடை வையுங்கோ" என்றேன்.

"தொண்டையிலை குத்தினால்?"

பெடியன் அப்போதுதான் வாய் திறந்தான். "நான் பாத்துச் சாப்பிடுவன், அம்மா."