எச்சில், தாலி, நோயாளி: தூர்னோன் பற்றி ஒரு கேள்வி

வணக்கம். 1703ல ஷார்ல் தூர்னோன்னு போப்பாண்டவரோட தூதர் ஒருத்தர் புதுச்சேரியில வந்து இறங்கினார்னு போன பதிவுல சொன்னேன். ஒரு அம்மா கேட்டிருக்காங்க: "அவர் அந்தியோக்கியாவோட முதுபெரும் தந்தைன்னு சொன்னீங்களே, அப்ப சிரியாவுல இருந்தா வந்தார்?" ரெண்டு நாளா இந்தக் கேள்வி மனசுலயே சுத்துது.

இல்லம்மா. ஷார்ல் தூர்னோன் இத்தாலியில தூரின் ஊர்க்காரர். அந்தியோக்கியா அந்தக் காலச் சிரியாவுல இருந்த பழைய ஊர்; முதுபெரும் தந்தைன்னா அங்க திருச்சபைக்குத் தலைவர். ஆனா இவருக்கு அந்தப் பட்டம் பேருக்குத்தான். இந்தியா வழியா சீனாவுக்குத் தூதராப் போய் அங்க பேரரசர் முன்னாடி நிக்கப் போறவருக்கு எடுப்பான பதவி வேணும் இல்லையா, அதுக்காக போப் 11ஆம் கிளமெண்ட் கொடுத்தது. அப்ப அவருக்கு வயசு 33.

நான் திரும்பத் திரும்பச் சொல்றதுதான்: அந்தக் காலத்துல ஆசியாவுல கத்தோலிக்கத் திருச்சபைக் காரியம் எல்லாம் எங்க உரிமைன்னு போர்த்துக்கீசியர் சொன்னாங்க. இவரோ அவங்களை ஒதுக்கிட்டு பிரெஞ்சுக் கப்பல்ல வந்தார். அவங்க அதை மறக்கல. பீஜிங்ல காங்சி பேரரசரோட முரண்பட்டு, பேரரசர் ஆணைப்படி இவரைச் சீனக் கரையில போர்த்துக்கீசியர் கையில இருந்த மக்காவ் (Macau) ஊருக்குக் கொண்டுபோனப்போ, அங்க காவல்ல வச்சதே போர்த்துக்கீசியர்தான். 1707ல ரோம்ல கர்தினால் பட்டம் கொடுத்தாங்க, மனுஷன் காவல்லயே 1710ல இறந்துட்டார்.

ஆனா அம்மா, நம்ம ஊர்ல என்ன செஞ்சார்னு நீங்க கேட்டிருக்கணும். எட்டு மாசம் புதுச்சேரியில இருந்தார். உடம்பு சரியில்ல, உள்நாட்டுக்குப் போகவே இல்ல. மதுரை மிஷன்னு சேசு சபைங்கிற கத்தோலிக்கத் துறவற சபை தமிழ்நாட்டு உள்பகுதியில நடத்தின பணி, அதோட கிராமம் ஒண்ணைக் கூடப் பார்க்கல. பூஷே, பெர்தோல்டின்னு ரெண்டு சேசு சபைக் குருக்களைக் கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டு, கிறிஸ்தவங்க எந்தப் பழக்கத்தை வச்சுக்கலாம், எது கூடாதுன்னு 1704 ஜூன்ல ஆணை போட்டுட்டார்.

ஞானஸ்நானத்துல குரு தன் எச்சிலைத் தொட்டு வைக்கிற சடங்கு ஒண்ணு அப்ப இருந்துச்சு. நம்ம மக்கள் அருவருப்பாங்கன்னு குருக்கள் அதை விட்டிருந்தாங்க. விடக்கூடாதுன்னார் இவர். எங்க பாட்டி செம்பை உதட்டுல வைக்க விடமாட்டாங்க, அண்ணாந்துதான் குடிக்கணும். அப்படிப்பட்ட வீட்டுக்குள்ள போய், பிள்ளை மேல எச்சிலை வைப்பேன்னா? ஒரு கிராமத்துல ஒரு ராத்திரி தங்கியிருந்தா இதை எழுதியிருக்க மாட்டார்னு நான் உறுதியா நம்புறேன். தாலியில பிள்ளையார் உருவம் கூடாதுன்னார், கல்யாணத்துல தேங்காய் உடைக்கக் கூடாதுன்னார். பார்க்காம போட்ட ஆணை!

அதே ஆணையில இன்னொண்ணும் இருக்கு. அதை யாரும் பேசுறதில்ல, எனக்கு வருத்தம். அப்பல்லாம் பறையர் குடிசையில ஒருத்தர் சாகக் கிடந்தா, குரு உள்ள போகமாட்டார். மத்த சாதிக்காரங்க விலகிடுவாங்கன்னு பயம். அதனால நோயாளியை வெளிய தூக்கிட்டு வரணும். தூர்னோன் சொன்னார்: குரு வீட்டுக்கே போகணும், சாகிறவருக்கு உரிய அருட்சாதனத்தை, அதாவது கடைசி நேரச் சடங்கை, அங்கேயே கொடுக்கணும்.

எச்சில் விஷயத்துல அவர் சொன்னது தப்பு. இதுல அவர் சொன்னதுதான் சரி. ஊரை அறிஞ்ச குருக்கள் சொல்லாததை ஊரைப் பார்க்காத இவர் சொன்னார்.

குரு வீட்டுக்கே போகணும்னு சொன்னது நடந்ததா? 40 வருஷம் இழுத்துச்சு. 1744ல போப் 14ஆம் பெனடிக்ட் முடிவு சொன்னப்போ, பறையர் மக்களுக்குன்னே தனியா குருக்களை வைக்கிற ஏற்பாட்டை ஏத்துக்கிட்டார்.