அந்தப் படத்தில் சனம் எங்கே ஒளிக்குது?

நடுவர் அவர்களே, சபையோரே, வணக்கம். மற்ற நன்றிகளை எங்கள் அணித்தலைவர் சொல்லிவிட்டார். நான் நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

அறிவியல் புனைவுப் படங்கள் எதிர்காலப் போரைக் காட்டி நம்மை எச்சரிக்கின்றனவா, மயக்குகின்றனவா? இதுதான் தலைப்பு. மயக்குகின்றன என்று நாங்கள் சொல்கிறோம். ஏன் என்று கேட்டால் எனக்கு ஒரு கதை இருக்கிறது.

1993. யாழ்ப்பாணத்துக் கொக்குவில். போர்க்காலம். எனக்குப் பன்னிரண்டு வயது. கரண்ட் போய் மூன்று வருடம். இரவானால் ஜாம் போத்தல் விளக்குதான். போத்தலுக்குள் பஞ்சு, பஞ்சுக்கு அளந்து விட்ட மண்ணெண்ணெய், அந்த வெளிச்சத்தில் படிப்பு. இங்கே தலையாட்டுகிற அம்மாமாருக்கு அந்த மணம் இப்போதே மூக்கில் வந்திருக்கும்.

பக்கத்து வீட்டு மாமாவின் தம்பிக்குக் கனடாவில் கலியாணம் நடந்து, அந்தக் கசெற் எப்படியோ கையைக் கைமாறி வந்து சேர்ந்துவிட்டது. ஜெனரேற்றர் வாடகைக்கு எடுத்தார்கள். ரீவி ஒரு வீட்டில், கசெற் போடுகிற டெக் இன்னொரு வீட்டில். ஒழுங்கையே திரண்டு வந்து முற்றத்தில் பாய் போட்டு இருந்தது. தாலி கட்டியாயிற்று, கேக் வெட்டியாயிற்று, கசெற் முடிந்தது. பார்த்தால் மண்ணெண்ணெய் அரைப் போத்தல் மிச்சம்! அதை வீணாக்கலாமா? பெரிய அண்ணாமார் ஒரு இங்கிலீஷ் படத்தைக் கொண்டுவந்து போட்டார்கள். 1984இல் வந்த 'டெர்மினேட்டர்'.

தொடக்கமே இருட்டு. இடிந்த நகரம். லொஸ் ஏஞ்சல்ஸ், 2029 என்று எழுத்து வருகிறது. மண்டையோடுகளை நொறுக்கிக்கொண்டு இரும்புச் சங்கிலிச் சக்கரம் உருளுகிறது. மேலே வெளிச்சத்தைப் பாய்ச்சிக்கொண்டு ஒரு இயந்திரம் ஆட்களைத் தேடிப் பறக்கிறது. நாங்கள் வாய் மூடவில்லை.

அம்மம்மா மட்டும் படம் பார்க்கவில்லை. விறாந்தையில் அந்தப் பக்கம் திரும்பி இருந்து பாக்குரலில் வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தார். டொக், டொக், டொக். திடீரென்று அந்த டொக் நின்றது.

"உதை நிப்பாட்டுங்கோ. இது மேல கேக்குது."

அண்ணாமார் சொன்னார்கள், "ஆச்சி, அது படத்தில வாற சத்தம்."

அம்மம்மா சொன்னார், "படத்தில வாறது நேரா வருது. இது வளைஞ்சு வருது."

அம்மா ஓடிப்போய் ஜெனரேற்றரை நிற்பாட்டினார். ரீவி அணைந்தது. சபையோரே, சத்தம் அணையவில்லை.

அந்த ஒரு வினாடியை நான் எத்தனையோ முறை நினைத்துப் பார்த்திருக்கிறேன். இருட்டு முற்றம். கலியாணம் பார்க்க வந்த சனம். கண்ணாடித் திரைக்குள் இருந்த எதிர்காலம் போய்விட்டது, அதன் சத்தம் மட்டும் எங்கள் தலைக்கு மேல் வட்டம் போடுகிறது. பிறகு என்ன, பங்கர்தான். பின் வளவில் வெட்டி, பனங்குற்றி அடுக்கி, மேலே மண்மூட்டை போட்ட பங்கர். ஏழெட்டுப் பேருக்கு வெட்டியது, அன்றைக்குப் பதினேழு பேர். என் தம்பி இருட்டுக்குள் கேட்டான், "அந்த மெஷின் வெண்டிச்சுதோ?" யாரும் பதில் சொல்லவில்லை. கொஞ்சம் பொறுத்து அம்மம்மா கேட்டார், "பிள்ளையள், அந்தப் படத்தில சனம் எங்க ஒளிக்குது?"

நடுவர் அவர்களே, எங்கள் அணியின் முழு வாதமும் அந்தக் கேள்விக்குள் இருக்கிறது.

இதையே இன்னொரு முறை சொல்கிறேன், இந்தத் தடவை அம்மம்மாவின் பக்கத்திலிருந்து. நாங்கள் பார்த்துக்கொண்டிருந்தோம், அவர் கேட்டுக்கொண்டிருந்தார். எங்களுக்கு அந்தப் பறக்கும் இயந்திரம் அழகாக இருந்தது. ஆமாம், அழகாக இருந்தது, அதை மறைக்க மாட்டேன். குண்டு போடுகிற பொம்பர் விமானம் சுற்றுகிற ஊரில் வளர்ந்த பிள்ளைகளையே, ஆட்களைத் தேடிக் கொல்லும் ஒரு இயந்திரத்தை ஆசையோடு பார்க்க வைத்துவிட்டது அந்தப் படம். அன்றைக்கு எங்களை எச்சரித்தது பாக்குரல். படம் எங்கள் காதை மறைத்துக்கொண்டிருந்தது.

எதிரணியின் முதற் பேச்சாளர் நல்ல செய்தி ஒன்றைச் சொன்னார். 1983இல், ஒரு பையன் இராணுவக் கணினிக்குள் நுழைந்துவிடுகிற 'வார் கேம்ஸ்' என்ற படத்தைப் பார்த்த அமெரிக்க ஜனாதிபதி ரீகன், இப்படி நம் கணினிக்குள் யாராவது நுழைய முடியுமா என்று தன் தளபதிகளிடம் கேட்டார், அதிலிருந்து கணினிப் பாதுகாப்புக் கட்டளையே பிறந்தது என்றார். உண்மைதான், ஒப்புக்கொள்கிறேன். அதே 1983, செப்டம்பர் 26இல் நடந்ததையும் சொல்லியிருக்கலாம். சோவியத் எச்சரிக்கை நிலையம் ஒன்றில் பணியில் இருந்தவர் ஸ்தனிஸ்லாவ் பெத்ரோவ். அமெரிக்க ஏவுகணைகள் வருகின்றன, ஐந்து வருகின்றன என்று கணினி அலறுகிறது. அவர் யோசித்தார். போர் தொடங்குகிறவன் ஐந்தை மட்டும் அனுப்புவானா? பொய் எச்சரிக்கை என்று மேலிடத்துக்குச் சொன்னார். அது பொய் எச்சரிக்கையேதான். மேகத்தில் பட்ட சூரிய ஒளியைச் செய்மதி ஏவுகணை என்று எடுத்திருந்தது. திரை சொன்னதை நம்பாமல் தன் புத்தியை நம்பின மனிதர். எங்கள் அம்மம்மாவும் அவரும் ஒரே இனம். படம் எடுப்பவர்களுக்கோ இயந்திரத்தின் சிவப்புக் கண்தான் வேண்டும்.

'எந்திரன்' வந்தது 2010இல். வசீகரன் சிட்டியை எதற்குச் செய்தார்? இராணுவத்துக்கு. அது இங்கே எத்தனை பேருக்கு ஞாபகம் இருக்கிறது? ஆனால் கடைசியில் அத்தனை சிட்டிகளும் சேர்ந்து உருண்டையாகித் துப்பாக்கிகளோடு உருண்டது எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது. தியேட்டரில் விசில் பறந்தது. அந்த உருண்டைக்கு முன்னால் செத்து விழுந்த பொலிஸ்காரனின் முகம் ஒன்றாவது நினைவில் நிற்கிறதா? நானும் கைதட்டியவள்தான். அதனால்தான் இதை இவ்வளவு வலித்துச் சொல்கிறேன்.

சரி, இப்போது எதிரணித் தம்பியிடம் வருகிறேன். இரண்டாவதாகப் பேசினவர். எங்கள் அணியில் ஒருவர் பங்கர் என்ற சொல்லைச் சொன்னவுடன் எழும்பிக் கேட்டார்: "இந்த அணி இன்னும் பங்கருக்குள்ளேயே இருக்கிறது. உலகம் ட்ரோனுக்குப் போய்விட்டது. எதிர்காலப் போருக்குப் பனங்குற்றி எதற்கு?" நல்ல கைதட்டு. தம்பி, உங்களுக்கு வயது இருபத்தி மூன்று இருக்கும். உங்கள் தலைக்கு மேல் எதுவும் வட்டமிடாமல் நீங்கள் வளர்ந்ததில் எனக்கு அவ்வளவு சந்தோஷம். அதற்காக உங்களைக் கட்டிப்பிடிக்கலாம். ஆனால் பதில் சொல்லாமல் விடமாட்டேன்.

உலகம் ட்ரோனுக்குப் போய்விட்டது என்றீர்கள். வாருங்கள், ட்ரோனுக்குப் போன இடத்துக்கே போவோம். உக்ரைன். அங்கே ட்ரோன் பறக்கிற வீதிகளுக்கு மேல் என்ன கட்டியிருக்கிறார்கள் தெரியுமா? வலை! கம்பம் நட்டு, வீதிக்கு மேலே பந்தல் மாதிரி வலை. அதில் ஒரு பகுதி மீன்வலை. பிரான்சின் பிரித்தானிப் பகுதிக் கடற்கரையில் கழித்த பழைய மீன்வலைகளை லொறியில் ஏற்றி அனுப்பினார்கள். மீன்பிடிக்கிற ஊரான குருநகரில் பிறந்தவர்கள் இங்கே யாராவது இருக்கிறீர்களா? உங்கள் வீட்டு வேலியில் கிடக்கிற வலைதான் தம்பி சொல்கிற எதிர்காலத்தைத் தடுக்கிறது.

இன்னும் கேளுங்கள். ட்ரோனின் சிக்னலைக் குழப்பி விழுத்தத் தொடங்கினார்கள். உடனே மற்றப் பக்கம் என்ன செய்தது? ட்ரோனுக்கு நூல் கட்டியது. தலைமயிர் போன்ற கண்ணாடி இழை, அதைக் கிலோமீற்றர் கணக்கில் ஒரு சுருளில் சுற்றி, பறக்கப் பறக்க அவிழ்கிற மாதிரி. வயல் முழுக்க அந்த நூல் மினுங்கிக்கொண்டு கிடக்கிறது. தைப்பொங்கலுக்கு வல்வெட்டித்துறைக் கடற்கரையில் பட்டப் போட்டி பார்த்திருப்பீர்கள். எத்தனை வண்ணம், எத்தனை கைவேலை. நூல் பிடித்து வானத்தை நிரப்பும் அதே வித்தையை இங்கே ஆளைக் கொல்ல எடுத்திருக்கிறார்கள். நான் பார்த்த எந்தப் படத்திலும் இந்த நூலும் இல்லை, அந்த வலையும் இல்லை. லேசர் இருக்கிறது, பேசுகிற கணினி இருக்கிறது.

பனங்குற்றி எதற்கு என்று கேட்டீர்கள். கார்கிவ் நகரில் பிள்ளைகள் மெட்ரோ நிலையத்துக்குள் இருந்து படித்தார்கள். அது போதாமல் 2024இல் நிலத்துக்குக் கீழே ஒரு பள்ளிக்கூடத்தையே கட்டித் திறந்தார்கள். தம்பி, பங்கர் பழையது என்றீர்கள். அது இப்போது பள்ளிக்கூடம் அளவுக்கு வளர்ந்திருக்கிறது. எங்கள் பள்ளிக்கூட மைதான ஓரத்திலும் பங்கர் வெட்டியிருந்தது. மணி அடித்தால் வரிசை, விமானச் சத்தம் கேட்டால் பங்கர். அந்தப் பிள்ளைகளை நினைக்கும்போது எனக்கு அந்த ஈரமண் மணக்கிறது.

தானே இலக்கைத் தேடித் தாக்கும் தானியங்கி ஆயுதங்களைப் பற்றி 2023 டிசம்பரில் ஐ.நா. பொதுச்சபையில் வந்த தீர்மானத்துக்கு 152 நாடுகள் ஆதரவாக வாக்களித்தன, படங்கள் எச்சரித்ததால்தான் என்றும் ஒரு வாதம் வந்தது. அந்தத் தீர்மானம் ஆயுதத்தைத் தடை செய்யவில்லை. நாடுகளின் கருத்தைச் சேர்த்து அறிக்கை தரும்படி பொதுச்செயலாளரைக் கேட்டது, அவ்வளவுதான்.

அந்தப் படத்தைப் பிறகு முழுதாகப் பார்த்தேன். பல வருடம் கழித்து, அம்மம்மாவின் கேள்விக்காகவே பார்த்தேன். சனம் எங்கே ஒளிக்குது? பதில் படத்தில் இருக்கிறது! நிலத்துக்குக் கீழே சுரங்கம், அழுக்கு உடுப்போடு சனம், நாய்கள். ஒரு மூலையில் இரண்டு பிள்ளைகள் ரீவிப் பெட்டியைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கமரா மற்றப் பக்கம் வருகிறது. பெட்டிக்குள் படம் இல்லை, நெருப்பு எரிகிறது. உடைந்த ரீவியை அடுப்பாக்கிக் குளிர் காய்கிறார்கள். எனக்கு எங்கள் ஜாம் போத்தல் விளக்கு நினைவு வந்தது. அந்த இடத்தை நிற்பாட்டி நிற்பாட்டிப் பார்த்து அழுதேன். படத்திலேயே மெய்யான இடம் அதுதான். எவ்வளவு நேரம் விட்டார்கள்? கொஞ்சம்தான், உடனே துப்பாக்கி வந்துவிட்டது. அந்தப் படத்தைப் பற்றி யாரிடம் கேட்டாலும் சிவப்புக் கண்ணைச் சொல்கிறார்கள். அந்த இரண்டு பிள்ளைகளை இதுவரை ஒருவரும் எனக்குச் சொன்னதில்லை.

அதைப் போய் அம்மம்மாவிடம் சொல்ல அவர் இருக்கவில்லை. 1995 ஒக்டோபர் 30 இரவு, சண்டை நெருங்கி வர ஊரே எழும்பித் தென்மராட்சிப் பக்கம் நடந்தபோது அவரைச் சைக்கிள் கரியரில் வைத்து அப்பா உருட்டினார். மழை. நாவற்குழிப் பாலத்தில் அசைய இடமில்லாத சனம். அம்மம்மா பாக்குரலை மடியில் பொத்திக்கொண்டு வானத்தையே பார்த்தபடி வந்தார். திரும்பி வரவில்லை, சாவகச்சேரியில் போய்விட்டார். பாக்குரல் இப்போது என் அம்மாவிடம் இருக்கிறது.

போன வருடம் எங்கள் வீட்டில் ஒரு கலியாணம். படம் பிடிக்கிறவர்கள் ட்ரோன் கொண்டுவந்தார்கள். பந்தலுக்கு மேலே அது வந்து வட்டம் போட்டது. மாப்பிள்ளை, பொம்பிளை, பிள்ளைகள் எல்லோரும் மேலே பார்த்துக் கைகாட்டினார்கள். அம்மா விறாந்தையில் வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தார். டொக், டொக். நின்றது. எழும்பி நேரே முற்றத்துக்கு வந்து, என் மகளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மாமரத்துக்குக் கீழே போனார்.

"அம்மம்மா, அது படம் எடுக்கிற ட்ரோன். கையைக் காட்டுங்கோ" என்றாள் பிள்ளை.

அம்மா கையைக் காட்டவில்லை. அது போய் முடியும் வரை, பிள்ளையின் தலையை இரண்டு கையாலும் பொத்தியபடி மரத்தோடு ஒட்டி நின்றார்.

வணக்கம்.