நாலு பேர் என்ன சொல்வார்கள்?

நேயர்களுக்கு வணக்கம்.

ஒரு சமூகத்தின் விழுமியங்கள் எப்படி மாறுகின்றன என்று கேட்டால், நல்ல கருத்து பரவியது, மனங்கள் திருந்தின என்று சொல்லிவிடுகிறோம். அது பாதி உண்மைதான். 'நாலு பேர் என்ன சொல்வார்கள்' என்று அன்றாடம் சொல்கிறோமே, அந்த நாலு பேரைப் பற்றிய கணக்கும் மாற வேண்டும்.

சீனாவில் பெண்களின் பாதத்தைக் கட்டும் வழக்கம் ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுகள் நீடித்தது. ஐந்திலிருந்து எட்டு வயதுக்குள், கட்டைவிரலை மட்டும் விட்டு மற்ற நான்கு விரல்களையும் உள்ளங்காலுக்கு அடியில் மடக்கி, நீளத் துணியால் இறுக்கிக் கட்டுவார்கள். எலும்பு முறியும், புண் சீழ் பிடிக்கும். மூன்று அங்குலப் பாதம்தான் அழகின் இலக்கணம். கட்டியவர் பெரும்பாலும் பெற்ற தாய். அதே வலியைத் தானும் அனுபவித்தவர். கட்டாத காலோடு மகள் நின்றால் நல்ல வரன் அமையாது என்ற பயம் அவரைச் செய்ய வைத்தது.

ஒரு தாய் தனியாகத் துணிந்து நிறுத்தினால் நஷ்டம் அவர் மகளுக்கு மட்டும்தான். அதனால் நூறு தாய்மார் மனத்துக்குள் வெறுத்தாலும் நூறு பேரும் கட்டிக்கொண்டே இருப்பார்கள். சீனாவை ஆண்ட மஞ்சு அரசர்கள் 17ஆம் நூற்றாண்டில் தடை போட்டுப் பார்த்தார்கள், 1668இல் விலக்கிக்கொண்டார்கள். அரசாணை யாருக்கும் வரன் தேடித் தராதே!

19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுந்த சங்கங்கள் முடிச்சைச் சரியான இடத்தில் பிடித்தன. உறுதிமொழி இரண்டே வரி. என் மகளுக்குக் கால் கட்ட மாட்டேன். கால் கட்டிய பெண்ணை என் மகனுக்கு எடுக்க மாட்டேன். இரண்டாவது வரியில்தான் உயிர் இருக்கிறது. முதல் வரி மட்டும் இருந்திருந்தால், கையெழுத்துப் போட்ட வீட்டுப் பெண்கள் கல்யாணமாகாமல் நின்றிருப்பார்கள். அதைப் பார்த்து அடுத்த வீட்டுக்காரர் பின்வாங்கியிருப்பார். இரண்டும் சேர்ந்தபோது அந்தப் பெண்களுக்கு மாப்பிள்ளைகளும் தயாரானார்கள்.

மேற்கு ஆப்பிரிக்க நாடான செனகலிலும் இதே கணக்குதான். மலிகுண்டா பம்பாரா கிராமத்துப் பெண்கள் 1997இல் பெண்ணுறுப்புச் சிதைப்பைக் கைவிடுவதாக அறிவித்தார்கள். பெண் கொடுத்துப் பெண் எடுக்கும் ஊர்கள் எல்லாம் சேராமல் இது நிலைக்காது என்று அக்கம்பக்கத்து ஊரார் சிலருக்குப் புரிந்தது. ஊர் ஊராகப் போய்ப் பேசினார்கள். 1998இல் 13 ஊர்கள் ஒன்றாக அறிவித்தன.

ஆனால் முழுப் பெருமையையும் உறுதிமொழிக்கே கொடுத்துவிடக் கூடாது. கால் கட்டிய சிறுமி ஓடியாட முடியாமல் உட்கார்ந்த இடத்தில் நூல் நூற்றாள், நெய்தாள். குடும்பத்துக்கு அது வருமானம். ஆலை நூலும் துணியும் வந்து கைவேலையின் மதிப்பு சரிந்ததும் கால் கட்டும் வழக்கமும் தளர்ந்தது என்கிறார்கள் ஆய்வாளர்கள் லாரல் பாசனும் ஹில் கேட்ஸும். என்னைக் கேட்டால், ஆலை வேரைத் தளர்த்தியது, உறுதிமொழி மரத்தைச் சாய்த்தது.

பிழைப்பு மாறினால் நியாயத்தின் அளவும் மாறும். இதைச் சோதிக்க ஓர் எளிய விளையாட்டு உண்டு. ஒருவரிடம் ஒரு தொகையைக் கொடுத்து, இன்னொருவருக்குப் பங்கு தரச் சொல்வார்கள். அவர் ஏற்றால் இருவருக்கும் பணம். மறுத்தால் யாருக்கும் இல்லை. மானிடவியலாளர் ஜோசப் ஹென்ரிக் குழுவினர் 15 சிறு சமூகங்களில் இதை நடத்தினார்கள். பெருவில் குடும்பம் குடும்பமாகத் தனித்துப் பிழைக்கும் மச்சிகெங்கா மக்கள் சராசரியாக 26 சதவீதம் தர முன்வந்தார்கள். இந்தோனேசியாவின் லமலேராவில், ஒரே படகில் பலர் கூடித் திமிங்கிலம் பிடிக்கிறவர்கள், 58 சதவீதம். பாப்புவா நியூகினியில் சிலர் பாதிக்கு மேல் கொடுத்தாலும் வேண்டாம் என்றார்கள். அங்கே கொடையை வாங்கினால் கடன்பட்டதாக அர்த்தம்.

இப்படிப்பட்ட மாற்றத்தை அளப்பதில் அடிக்கடி நடக்கும் பிழை ஒன்று உண்டு. இன்றைய இளைஞரையும் முதியவரையும் பக்கத்தில் நிறுத்தி, வேறுபாட்டைக் காலமாற்றம் என்று சொல்லிவிடுவது. அது வெறும் வயதின் வேறுபாடாகவும் இருக்கலாமே. ஒரே ஆண்டுகளில் பிறந்தவர்களை 20 வயதில் ஒரு முறை, 50 வயதில் ஒரு முறை கேட்க வேண்டும். 1981இல் தொடங்கிய உலக விழுமியக் கணக்கெடுப்பு ஒரே கேள்விகளைத் திரும்பத் திரும்பக் கேட்பது அதனால்தான். கருத்து வயதோடு மாறலாம். சிறு வயதில் ஒடித்த எலும்பு மாறாது. ஆகவே சீனாவின் திங்சியான் வட்டாரத்தில் பிறந்த ஆண்டு வாரியாக எடுத்த கணக்கு தெளிவாகப் பேசுகிறது. 1890க்கு முன் பிறந்த பெண்களில் 99 சதவீதத்தினருக்குக் கால் கட்டப்பட்டிருந்தது. 1919க்குப் பிறகு பிறந்தவர்களில் ஒருவருக்கும் இல்லை.

1890க்கு முன் பிறந்து கால் கட்டப்பட்ட அந்தப் பெண்களை மறந்துவிடக் கூடாது. ஊரே மெச்சிய அதே பாதம் அவர்கள் கண்ணெதிரிலேயே நாட்டுக்கு அவமானமாகிப் போனது. சான்சி மாகாணத்தில் 1917 முதல் அபராதம் விதித்தார்கள். அதிகாரிகள் வீடு தேடி வந்து காலைச் சோதித்தார்கள். கட்டை அவிழ்த்தாலும் பழைய பாதம் திரும்பாது. துணியின் பிடிப்பு போனதும் நடப்பது இன்னும் வலித்தது. அதனால் பலர் யாருக்கும் தெரியாமல் மறுபடி கட்டிக்கொண்டார்கள்.