எழுதியவர் பெயர்

வணக்கம் நேயர்களே.

பஞ்சாபில், ஜலந்தரில் சில வருடங்கள் வங்கி வேலை பார்த்தேன். வங்கிக்கு எதிரே ஒரு தாபா. லாரிக்காரர்கள் வண்டியை ஓரங்கட்டிவிட்டு வந்து கயிற்றுக் கட்டிலில் சாய்வார்கள். ஜூலை மாதம், மழை பிடித்துக்கொண்டால் போதும், கடைக்காரர் டேப்பில் ஒரே பாட்டைத்தான் போடுவார். ஜக்ஜீத் சிங் பாடிய ‘ஸௌண் தா மஹீனா’. ஸௌண் மாதம் என்று பொருள், அங்கே அது மழை மாதம். ஒருநாள் கேட்டேன், “இதை எழுதினது யாரு பாஜி?” லஸ்ஸி கடைந்துகொண்டிருந்தவர் நிமிரக்கூட இல்லை. “ஜக்ஜீத்.” “அவர் பாடினவர். எழுதினது?” “ரெண்டும் ஒண்ணுதானே!”

எழுதியவர் சமன் லால் சமன். கவிஞர், பாடலாசிரியர், வானொலிக்காரர். ஜலந்தர் பக்கத்து மனிதர்தான். ஆனால் அவர் வாழ்க்கையின் பெரும்பகுதி கென்யாவின் நைரோபியிலும் லண்டனிலும் கழிந்தது.

அந்த மண்ணைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். பியாஸ், சட்லெஜ் ஆறுகளுக்கு நடுவில் இருப்பதால் அதற்கு தோஆபா என்று பெயர். தோ ஆப், இரண்டு நீர். வெளிநாடு போவது அங்கே ஊர் வழக்கம் மாதிரி. மொட்டை மாடித் தண்ணீர்த் தொட்டியையே விமானம் போலக் கட்டி வைத்திருப்பார்கள். தல்ஹண் என்ற ஊர் குருத்வாராவில் விசா கிடைக்க வேண்டும் என்று அப்போது பொம்மை விமானத்தைக் காணிக்கையாக வைத்தார்கள். வரிசையில் நின்று நானே பார்த்தேன். எனக்கு முன்னால் நின்ற பையன் கையில் இருந்த பிளாஸ்டிக் விமானத்தில் விலைச் சீட்டுகூடக் கிழிக்கப்படவில்லை.

கிழக்கு ஆப்பிரிக்காவுக்குப் போகும் வழக்கம் இன்னும் பழையது. மொம்பாசாவிலிருந்து விக்டோரியா ஏரி வரை 1896 முதல் 1901 வரை ஆங்கிலேயர்கள் ரயில் பாதை போட்டார்கள். அந்த வேலைக்கு இந்தியாவிலிருந்து போனவர்கள் 30,000 பேருக்கு மேல். பெரும்பாலும் பஞ்சாபிகள். சுமார் 2,500 பேர் வேலையிலேயே இறந்துபோனார்கள். பிழைத்தவர்களில் சிலர் அங்கேயே தங்கினார்கள், பின்னால் உறவுக்காரர்களும் வந்து சேர்ந்தார்கள். இப்படி உருவான நைரோபியில்தான் சமன் வானொலியில் பேசினார்.

அப்புறம் லண்டன். அவர் மட்டும் இல்லை, கென்யா சுதந்திரம் அடைந்த பிறகு ஆயிரக்கணக்கான இந்தியக் குடும்பங்கள் மூட்டை கட்டின. கையில் இருந்தது பிரிட்டிஷ் பாஸ்போர்ட். அவர்கள் வந்து குவிந்துவிடுவார்கள் என்று பயந்து 1968-இல் மூன்றே நாளில் ஒரு சட்டத்தை நிறைவேற்றிக் கதவைப் பாதி சாத்தியது பிரிட்டன் நாடாளுமன்றம். எங்கிருந்து போனாலும் வேற்றாள்தான் என்று சொல்லாமல் சொன்ன சட்டம் அது.

சரி, அங்கே ஒரு பஞ்சாபிக் கவிஞனுக்கு யார் வாசகர்? இதைத்தான் நான் முக்கியமாகச் சொல்ல வந்தேன். பஞ்சாபிக்கு எழுத்து இரண்டு. இந்தியப் பக்கம் குர்முகி, பாகிஸ்தான் பக்கம் ஷாமுகி. அமிர்தசரஸில் அச்சான கவிதைப் புத்தகத்தை லாகூர்க்காரர் கையில் கொடுத்தால், மொழி அவருடையதுதான், படிக்க வராது. லண்டனின் சவுத்ஹால் போன்ற இடங்களில் இந்த இரண்டு பேரும் பக்கத்துப் பக்கத்து வீடு. அவர்களுடைய பிள்ளைகளோ வீட்டில் பஞ்சாபி பேசுவார்கள், இரண்டு எழுத்தும் தெரியாது. ஆக, ஒரே தெருவில் மூன்று விதமான ஆட்கள். எந்தப் புத்தகம் போட்டாலும் இரண்டு பேருக்கு அது வெறும் காகிதம்.

காதுக்கு அந்தச் சிக்கல் கிடையாது. வானொலியில் ஒருவர் பஞ்சாபி பேசினால் மூன்று வீட்டிலும் புரியும். பாட்டு அதற்கும் ஒரு படி மேலே, வாயோடு ஒட்டிக்கொள்ளும். சமன் பாட்டும் ஒலிபரப்பும் என்று இரண்டு தொழில் செய்தார் என்பார்கள். எனக்கென்னவோ அது ஒரே தொழில் என்றுதான் படுகிறது. கேட்பவருக்காகவே எழுதியவர் அவர்.

அந்த ஸௌண் மாதத்துக்கு வருகிறேன். கணக்குப் பார்த்தால் அது நம் ஆடி மாதம்தான், ஒரு நாள் முன்னே பின்னே. நமக்கு ஆடி என்றால் காற்று, அவர்களுக்கு மழை. மரக்கிளையில் ஊஞ்சல் கட்டி ‘தீயாண்’ கொண்டாடுவார்கள், பாயசம் வைப்பார்கள், வெல்லம் போட்டு மாவு கரைத்துத் தோசை மாதிரி பூடா சுடுவார்கள். கல்யாணமான பெண்கள் தாய் வீட்டுக்கு வந்துவிடுவார்கள். இங்கேயும் புதுப்பெண்ணை ஆடிக்கு அழைத்து வருகிறோம் அல்லவா? என் பக்கத்து வீட்டு மாதாஜியிடம் இதைச் சொன்னபோது, “அப்ப நீங்களும் எங்க ஆளுதான்” என்று இன்னொரு பூடாவைத் தட்டில் போட்டார்.

ஆனால் நைரோபியில் ஸௌண் கிடையாது. அங்கே பெருமழை மார்ச் முதல் மே வரை. ஜூலையில் வானம் மூடிக்கொண்டு குளிரும், ஸ்வெட்டர் போடுவார்கள். லண்டனில் எல்லா மாதமும் தூறல், எதற்கும் பெயர் இல்லை. வெயிலில் வெந்து கிடந்த வயல் முதல் மழையில் விடும் மூச்சு இரண்டு ஊரிலும் கிடைக்காது. அங்கெல்லாம் இருந்த மனிதர் எழுதிய மழைப் பாட்டைத்தான் ஜலந்தர் தாபாக்காரர் ஜலந்தர் மழைக்குப் போட்டார். கேட்டவர் யாருக்கும் அதில் லண்டன் வாடை அடிக்கவில்லை.

பாடலாசிரியர்களுக்கு இது பழகிய விதிதான். பாட்டு ஊரெல்லாம் சுற்றும், பெயர் வீட்டிலேயே தங்கிவிடும். ஜக்ஜீத் 2011-இல் இறந்தபோது நாடே பேசியது. சமன் 2019-இல் போனார். பஞ்சாபிப் பத்திரிகைகள் எழுதின, அவ்வளவுதான்.

இந்த உரை முடிந்ததும் அந்தப் பாட்டு வரும். பாடியவர் பெயருக்கு முன்னால் எழுதியவர் பெயரைச் சொல்லும்படி அறிவிப்பாளரிடம் கேட்டிருக்கிறேன். சரி என்றார்.