கொடுங்கையூருக்கு வராத குப்பை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, வியாசர்பாடியிலிருந்தும் கொடுங்கையூரிலிருந்தும் வந்திருக்கும் தாய்மார்களே, பெரியோர்களே, அனைவருக்கும் வணக்கம். குப்பைச் சிக்கலைத் தீர்ப்பது மறுசுழற்சியா, குறைத்துப் பயன்படுத்துவதா என்பது இன்றைய தலைப்பு. குறைத்துப் பயன்படுத்துவதே என்று வாதாட வந்திருக்கிறேன்.

எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர், பழைய அலுமினியத்தை உருக்கி எடுத்தால், தாதுவிலிருந்து எடுக்க ஆகும் ஆற்றலில் ஏறத்தாழ 95 விழுக்காடு மிச்சமாகும் என்றார். உண்மைதான். இரும்பையும் கண்ணாடியையும் திரும்பத் திரும்ப உருக்கலாம் என்றார். அதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இரும்பையும் ஈயத்தையும் நாம் என்றைக்குக் குப்பையில் போட்டோம்? ஓட்டைப் பாத்திரத்தைக் கொடுத்துப் பேரீச்சம்பழம் வாங்கித் தின்றவர்கள் நாம். மறுசுழற்சி என்ற சொல் நம் காதில் விழுவதற்கு வெகுகாலம் முன்பே காயலான் கடை நம் தெருமுனைக்கு வந்துவிட்டது. அந்தக் காயலான் கடையும் வாங்காத பொருளை என்ன செய்வது என்பதே இங்கு வழக்கு.

சென்ற வாரம் எங்கள் தெருக்கோடியில் உள்ள காயலான் கடையில் அரை மணி நேரம் நின்றேன். குப்பை பொறுக்கிப் பிழைக்கும் ஓர் அம்மா, தலையிலிருந்த சாக்கை இறக்கிக் கொட்டினார். கடைக்காரர் கையாலேயே பிரித்தார். தண்ணீர் பாட்டில், அட்டை, யாரோ கழுவிக் காயவைத்திருந்த பால் கவர் ஆகியவை தராசுக்குப் போயின. சிப்ஸ் பாக்கெட், பிஸ்கட் உறை, ஷாம்பு பாக்கெட், குழம்புக் கறை படிந்த பார்சல் கவர் எல்லாவற்றையும் காலால் ஓரம் தள்ளினார். ஒரு சிப்ஸ் பாக்கெட்டை எடுத்து விரித்துப் பார்த்தேன். வெளியே வண்ண அச்சு, உள்ளே வெள்ளிப் பூச்சு, நடுவில் பிரிக்கவே முடியாதபடி ஒட்டிய பிளாஸ்டிக் அடுக்குகள். அவற்றைத் தனித்தனியே பிரித்தெடுக்க ஆகும் செலவு, கிடைக்கும் பிளாஸ்டிக்கின் விலையைவிடப் பல மடங்கு அதிகம் என்பதால் அதற்குச் சந்தையே இல்லை. சாக்கில் பாதிக்கு மேல் அந்த அம்மாவுக்கு ஒரு பைசாகூடத் தரவில்லை.

அந்தப் பாதி எங்கே போகிறது என்று இந்த மேடையில் நான் சொல்ல வேண்டியதில்லை. சுமார் 340 ஏக்கர் பரப்பில், முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக, சென்னையின் வடபாதிக் குப்பை கொடுங்கையூர்க் குப்பைமேட்டில்தான் வந்து விழுகிறது. அண்ணா நகரில் கட்டிப்போடும் பையும் இங்கேதான் அவிழ்கிறது. கோடையில் மேடு தீப்பிடித்தால் எழில் நகரில் சன்னலைச் சாத்திக்கொண்டு உட்காருகிறோம். இப்போது பழைய குப்பையைத் தோண்டிச் சலித்து, மண்ணையும் கல்லையும் பிளாஸ்டிக்கையும் பிரிக்கிறார்கள். அந்த வேலையை நான் மனதார வரவேற்கிறேன். ஆனால் சலித்தெடுத்த பிளாஸ்டிக் மறுபடி பிளாஸ்டிக்காக வருவதில்லை. பெரும்பாலும் சிமெண்ட் ஆலைக்கு எரிபொருளாகத்தான் போகிறது. மிஞ்சும் குப்பையை இங்கேயே எரித்து மின்சாரம் எடுக்கத் திட்டம் வந்தபோது, அதை எதிர்த்து 2025-இல் நம் மக்கள் மனிதச் சங்கிலியாக நின்றார்கள். குப்பையை எங்கோ கொண்டுபோய் எதையோ செய்துகொள்ளலாம் என்று நினைக்கும்போதெல்லாம், அந்த 'எங்கோ' என்பது நம் வீட்டு வாசலாகவே இருக்கிறது.

பாட்டில் மறுசுழற்சிக்குப் போகிறதே என்பார்கள். போகிறது, ஆனால் பெரும்பாலும் பாட்டிலாகத் திரும்புவதில்லை. நூலாகிறது, துணியாகிறது, அந்தத் துணி கிழிந்த பிறகு குப்பைமேட்டுக்கே வருகிறது. உலகின் பிளாஸ்டிக் கழிவில் 9 விழுக்காடுதான் மறுசுழற்சி ஆகிறது என்று பொருளாதார ஒத்துழைப்பு மற்றும் மேம்பாட்டு அமைப்பு 2022-இல் அறிக்கை வெளியிட்டது. நம் நாட்டின் 2016-ஆம் ஆண்டுத் திடக்கழிவு மேலாண்மை விதிகளும் குப்பை உருவாகாமல் தடுப்பதையும் குறைப்பதையும் முதலில் வைத்து, மறுபயன்பாட்டுக்கும் பின்னால்தான் மறுசுழற்சியை வைத்தன.

எதிரணி நண்பர் ஒருவர், ஏழைகள் ஒரு ரூபாய் பாக்கெட்டைத்தானே வாங்க முடியும், அவர்களைக் குறைக்கச் சொல்வது நியாயமா என்று கேட்டார். என்னை உண்மையிலேயே யோசிக்க வைத்த கேள்வி அது. அந்தக் காலத்தில் மளிகைக் கடைக்காரர், கொண்டுபோன சீசாவில் ஐம்பது மில்லி எண்ணெயை அளந்து ஊற்றித் தந்தார். கொஞ்சமாக வாங்குவதற்கும் உறைக்கும் தொடர்பே இல்லாமல் இருந்தது. சில்லறையாக வாங்குவது ஏழையின் தேவை, உறையில் அடைத்து விற்பது நிறுவனத்தின் முடிவு. ஆகவே குறைக்கச் சொல்லி நான் முதலில் கேட்பது அந்த நிறுவனத்தைத்தான்.

நம்மாலும் முடியும். ஒருமுறை பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக் பொருள்களுக்கு 2019 சனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை வந்தபோது, எங்கள் தெருவில் இறைச்சிக் கடைக்குத் தூக்குச்சட்டியோடு வரிசை நின்றது. கண்காணிப்பு தளர்ந்ததும் கவர் திரும்ப வந்தது என்பது எனக்கு இன்றும் ஆறாத வருத்தம். ஆனால் அந்தச் சில மாதங்கள் எங்கள் தெருக் கால்வாய் அடைக்கவில்லை, அதை நான் கண்ணால் பார்த்தேன்.

குப்பை குறைந்தால் பொறுக்கிப் பிழைப்பவர் வயிற்றில் அடிப்பீர்களா என்பது கடைசிக் கேள்வி. தராசுக்குப் போகும் பொருளைக் குறைக்க வேண்டும் என்று நான் வாதாடவில்லை, நடுவர் அவர்களே. அந்த அம்மா விடியற்காலையிலிருந்து சுமந்து வந்து, விலை போகாமல் கடை வாசலிலேயே விட்டுப்போன பாதிச் சாக்கைப் பற்றித்தான் பேசுகிறேன். அதை யார் வாங்குவார் என்று எதிரணித் தலைவர் எழுந்து வந்து சொல்லட்டும்.